திருடன் சந்து

அன்புத் தம்பிக்கு,

அக்கா எழுதுவது. இங்கே எல்லாரும் சுகம். உன் அத்தானுக்கு முழங்கால் வலி தேவலை. போன கடிதத்தில் உன் கையெழுத்து ஒரு பக்கமாகச் சாய்ந்திருந்தது. உடம்பு சரியில்லையா? வேளைக்குச் சாப்பிடு.

ஒரு விஷயம் சொல்லத்தான் இந்தக் கடிதம். நகராட்சியில் தெருவுக்குத் தெரு பெயர்ப்பலகை வைக்கிறார்கள். எந்தப் பெயர் எப்படி வந்தது என்று எழுதிக்கொள்ள ஒரு பெண் அதிகாரி வந்தார். மரக்கடைத் தெரு, மேட்டுத் தெரு எல்லாம் சுலபமாக முடிந்தன. நம் சந்துக்கு வந்ததும் எல்லாரும் என் முகத்தைப் பார்த்தார்கள்.

இருபத்திரண்டு வருஷமாக இது திருடன் சந்து. ரிப்பேருக்கு வந்த கைக்கடிகாரத்தைக் காணோம் என்று, நீ வேலை பார்த்த கடைக்காரர் இந்தச் சந்து முழுக்கக் கத்திக்கொண்டு உன்னைத் துரத்தினார். மறுநாள் நீ ரயிலேறிவிட்டாய். அந்தச் சொல் இங்கேயே தங்கிவிட்டது. ஆட்டோக்காரர்கள் அடையாளத்துக்குச் சொன்னார்கள். பிறகு பார்சல் முகவரிகளில் வந்தது. இப்போது போன் மேப்பிலும் இருக்கிறது. நீ மட்டும் உறையில் 'தண்ணீர்த் தொட்டிக்குப் பின்புறம்' என்றே எழுதுகிறாய். ஏன் என்று நான் கேட்டதில்லை.

அதிகாரி, 'இங்கே ஒரு திருடன் வசித்ததால்' என்று எழுதி, உரக்கப் படித்து, வயதில் மூத்தவர் என்று அந்தக் கடைக்காரரிடமே கையெழுத்துக் கேட்டார். அவர் பேனாவை வாங்கிச் சும்மா பிடித்துக்கொண்டிருந்தார். பிறகு, "இது பொய்யும்மா. இங்க திருடன் யாரும் இருந்ததில்ல" என்றார். அந்தக் கடிகாரம் நாலு மாதம் கழித்து அவருடைய மழைக்கோட்டின் லைனிங்குக்குள்ளேயே கிடைத்ததாம். பை கிழிந்திருந்ததாம். உரியவரிடம் சத்தமில்லாமல் கொடுத்துவிட்டாராம். "அப்பவே சொல்ல வாய் வரல. நாள் ஆக ஆக இன்னும் வரல" என்று எல்லார் முன்னாலும் சொன்னார்.

எனக்கு அவர் சட்டையைப் பிடித்து உலுக்க வேண்டும் போலிருந்தது. கண்ணை மூடும்வரை அம்மா வாசலையே பார்த்துக்கொண்டிருந்தாளே. "எங்கம்மாகிட்டயாவது சொல்லியிருக்கலாமே" என்று மட்டும் கேட்டேன். அவர் அழுதார். எனக்கு இரக்கம் வரவில்லை. இன்னும் வரவில்லை.

அதிகாரி அந்த வரியை அடித்துவிட்டுப் பழைய வரைபடம் ஒன்றை விரித்தார். ஒரு காலத்தில் இங்கே கயிறு திரித்தார்களாம். நீளக் கயிறு முறுக்க வளைவில்லாத இடம் வேண்டுமாம். நம் சந்து இவ்வளவு நேராக ஓடுவது அதனால்தான். அப்போது கயிற்றுச் சந்து என்று பெயர். உடனே கடைக்காரர், "வேணாம், அந்தத் தம்பி பேரையே வைங்க" என்றார். எல்லாரும் தலையாட்டினார்கள். நான்தான் கூடவே கூடாது என்றேன். வியாழக்கிழமை 'கயிற்றுச் சந்து' என்று பலகை மாட்டிவிட்டுப் போனார்கள்.

கோபித்துக்கொள்ளாதே. இனி வரமாட்டார்கள் என்று ஆனவர்களின் பெயரைத்தான் தெருவில் எழுதி வைப்பார்கள். அப்பா மூன்று நாள் யோசித்து வைத்த பெயர் உன்னுடையது. "கூப்பிட்டா சட்டுன்னு திரும்பிப் பாக்கணும், அப்படி ஒரு பேரு" என்பார். அதைச் சொல்லிக் கூப்பிட இப்போது நான் ஒருத்திதான் மிச்சம்.

மாடி அறையைப் பெருக்கி வைத்திருக்கிறேன். நீ நூறு வருஷம் நன்றாக இருக்க வேண்டும். வா.

உன்,
அக்கா