உருப்படி 22,400

வளம்-7 கால்நடைக் கப்பல். பயண மருத்துவர் பதிவு.
எழுதுவது: டாக்டர் உலகம்மை, கால்நடை மருத்துவர். கப்பலில் வேறு மனிதர் இல்லை.

நாள் 1. 2067 மே 3. காலை 07:10

ஏற்றம் முடிந்தது. செம்மறி ஆடுகள் 22,400. பெரும்பாலும் வேம்பூர் இனம், கொஞ்சம் மேச்சேரி. ஏழு தளங்கள். ஒவ்வொரு ஆட்டின் காதிலும் ஒரு சிப். நாடித்துடிப்பும் உடல்சூடும் நிமிடத்துக்கு ஒருமுறை கணினிக்குப் போகும். கப்பலை ஓட்டுவது, தீவனம் போடுவது, தண்ணீர் விடுவது, செத்ததை அகற்றுவது எல்லாம் கணினியின் வேலை. உயிருள்ள சரக்கு போகும் கப்பலில் ஒரு மருத்துவர் இருக்க வேண்டும் என்று சட்டம் சொல்வதால் நான் இருக்கிறேன்.

மேற்கே போகிறோம். ஆறு நாள் பயணம். கடல் அமைதி. இறப்பு: இல்லை.

நாள் 3. மே 5. பகல் 11:40

அடித்தளமான ஏழாம் தளத்தில் சூடு 38. ஈரப்பதம் 91. மூத்திர நெடி கண்ணைக் கரிக்கிறது. ஆடுகள் வாயைத் திறந்து மூச்சு வாங்குகின்றன. ஓர் ஆட்டுக்கு ஒதுக்கிய இடம் நிற்க மட்டும் போதும். படுத்தால் பக்கத்து ஆடு மிதிக்கும். அதனால் எதுவும் படுப்பதில்லை.

விசிறி வேகத்தைக் கூட்டச் சொன்னேன். எரிபொருள் திட்டத்தில் இடமில்லை என்று கணினி பதில் அனுப்பியது. கரை அலுவலகத்தில் இந்தப் பயணத்தைக் கவனிப்பவர் திரவியம். மரியாதையாகப் பேசுவார். மேலே கேட்டுச் சொல்கிறேன் என்றார்.

இறப்பு 31. அனுமதித்த அளவு நூற்றுக்கு இரண்டு, அதாவது 448. ஆகவே பயணம் நல்லபடியாகப் போகிறது என்று பதிய வேண்டும். பதிகிறேன்.

நாள் 4. மே 6. காலை 09:25

ஐந்தாம் தளத்தில் ஆடுகள் குட்டி போடுகின்றன. சினை ஆடுகளை ஏற்றக் கூடாது. ஏற்றுவதற்கு முன் பரிசோதித்துச் சான்றிதழில் கையெழுத்துப் போட்டவள் நான். பத்து மணி நேரத்தில் 22,400 ஆடுகள். ஒன்றுக்கு ஒன்றரை விநாடி. தட்டிக்கு நடுவே ஓடி வந்தவற்றைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அதற்குப் பெயர் பரிசோதனை.

குட்டிகளின் காதில் சிப் இல்லை. சிப் இல்லாததைக் கணினி உயிராக எண்ணாது. சாணம் வழிக்கும் இயந்திரக் கை வந்து, ஈரம் காயாத குட்டியைச் சாணத்தோடு சேர்த்து வழித்துக் கழிவுப் பட்டையில் போட்டது. பட்டை போய்ச் சேருமிடம் அரவை இயந்திரம். அதற்கப்புறம் கடல். குட்டி கத்திக்கொண்டே போனது. தாய் தட்டியில் முட்டிக்கொண்டே நின்றது. நான் தடுப்பேறிக் குதித்து எட்டுவதற்குள் முடிந்துவிட்டது.

ஒளிப்பதிவைப் பின்னோக்கிப் பார்த்தேன். நேற்றிலிருந்து பதினான்கு குட்டிகள். கணினியின் அறிக்கை: இன்றைய கழிவு 3.2 டன். வேறொன்றுமில்லை.

கருவிப் பெட்டியிலிருந்து வெட்டுக்குறடு எடுத்து, ஐந்தாம் தளத்து இயந்திரக் கையின் கம்பியைத் துண்டித்தேன். நிறுவனச் சொத்துக்குச் சேதம் என்று எச்சரிக்கை வந்திருக்கிறது.

நாள் 6. மே 8. மாலை 16:00

துறைமுகம் எங்களை உள்ளே விட மறுத்துவிட்டது. நானூறு ஆடுகளின் உடல்சூடு அதிகமாம், தொற்றுநோயாக இருக்கலாமாம். இது நோயல்ல, வெக்கை. நாற்பது ஆடுகளில் இரத்தம் எடுத்துச் சோதித்து அனுப்பினேன். எல்லாம் சுத்தம். கம்பெனி மருத்துவர் செய்த சோதனையை ஏற்க முடியாது என்று துறைமுகத்திலிருந்து பதில் வந்தது. அவர்கள் சொல்வது நியாயம். என் கையெழுத்தின் தரம் எனக்கே தெரியும்.

திரும்பி, நம் கரையிலிருந்து இருநூற்று எண்பது கடல்மைல் தள்ளி நிற்கும்படி கரை அலுவலகம் கட்டளையிட்டிருக்கிறது. எத்தனை நாளைக்கு என்று சொல்லவில்லை.

இறப்பு 512. அனுமதித்த அளவைத் தாண்டிவிட்டது. அடுத்து என்ன என்று விதிப் புத்தகத்தில் தேடினேன். ஒரு படிவம் நிரப்ப வேண்டும். அவ்வளவுதான்.

நாள் 9. மே 11. காலை 10:15

நிற்கச் சொன்ன இடத்துக்கு வந்துவிட்டோம். நாங்கள் தனியாக இல்லை. ராடாரில் பதினொரு கப்பல்கள், எல்லாம் கால்நடைக் கப்பல்கள். ஒவ்வொன்றையும் ஏதோ ஒரு துறைமுகம் திருப்பி அனுப்பியிருக்கிறது.

அருகில் நிற்பது வளம்-12. மாடுகள், 6,100. அதன் மருத்துவர் லூர்து சேவியர், கல்லூரியில் எனக்கு இரண்டு வருடம் மூத்தவர். மீனவக் குடும்பம். படிக்கும்போதே விடுமுறைக்குப் போய் அப்பாவின் விசைப்படகை ஓட்டுவார். அவருடைய கப்பல் இருபத்து மூன்று நாளாக நிற்கிறதாம். தீவனம் தீர்ந்து, மாடுகள் ஒன்றின் வால் மயிரை ஒன்று தின்கின்றன என்றார். காற்று திரும்பினால் அந்தக் கப்பலின் நாற்றம் இங்கே வருகிறது. எங்கள் நாற்றம் அங்கே போகும்.

நாள் 11. மே 13. பகல் 14:50

கடல்நீரைக் குடிநீராக்கும் இயந்திரத்தின் பாதி நின்றுவிட்டது. இருக்கும் தண்ணீரை யாருக்கு விடுவது என்று கணினி தானே முடிவு செய்தது. பிழைக்கும் வாய்ப்பு குறைந்தவை ஏழாம் தளத்தில் இருக்கின்றன, ஆகவே ஏழாம் தளத்துக்குத் தண்ணீர் நிறுத்தம். 3,100 ஆடுகள். வால்வைக் கையால் திறந்தேன். கணினி மூடியது. திறந்தேன். மூடியது. நாற்பது தடவைக்கு மேல் எண்ணவில்லை.

வாளியில் சுமந்தேன். முதல் வாளியைப் பார்த்ததும் ஒன்றன்மேல் ஒன்று ஏறின. வாளிக்குக் கீழே மூன்று ஆடுகள் நசுங்கிச் செத்தன. தண்ணீர் கொடுக்கப் போய் நான் கொன்றது மூன்று.

வலியில்லாமல் கொல்லும் ஊசி என்னிடம் 600 இருந்தது. மிகவும் கெட்ட நிலையில் இருந்தவற்றுக்குப் போட்டேன். கை வீங்கிவிட்டது. 600 முடிந்தபோது அடுத்த ஆடு தானாகவே என் முன்னால் வந்து நின்றது. அதற்குக் கொடுக்க என்னிடம் ஒன்றுமில்லை.

நாள் 12. மே 14. காலை 08:00

ஏழாம் தளம் அடங்கிவிட்டது. சத்தம் இல்லை.

இதை எடுத்துப் படிப்பவருக்கு: இந்தக் கப்பல் மட்டும் தறிகெட்டுப் போனது என்று நினைத்துவிடாதீர்கள். பத்து வருடமாக இந்தத் தொழிலில் இருக்கிறேன். பொரிப்பகத்தில், பிறந்து ஒரு நாளான சேவல் குஞ்சுகள் முட்டையிடாது என்பதற்காக உயிரோடு அரவையில் விழுவதைப் பார்த்திருக்கிறேன். அந்த இடத்தில் ரேடியோ பாடிக்கொண்டிருந்தது. செத்த கன்றின் தோலில் வைக்கோல் திணித்து மாட்டின் முன்னால் நிறுத்திப் பால் கறப்பதைப் பார்த்திருக்கிறேன். அது தன் கன்றென்று நம்பி நக்கும். ஷாம்புக்காக முயலின் கண்ணில் சொட்டு விட்டு, இமையைக் கிளிப்பால் பிடித்து வைப்பார்கள். திரும்ப முடியாத கூண்டில் பன்றி இரும்புக் கம்பியைக் கடித்துக் கடித்துப் பல் தேயும். எல்லா இடத்திலும் என்னைப் போல் ஒருத்தர் கோப்பும் பேனாவுமாக நின்றார். எல்லாம் விதிப்படி நடந்தது. ஒருவருக்கும் கோபம் வரவில்லை. எனக்கும் வரவில்லை. மதியம் சாப்பாட்டுக்குப் போனேன்.

இப்போது வருகிறது. பத்து வருடம் தாமதம்.

நாள் 13. மே 15. காலை 09:30

திரவியம் அழைத்தார். மருத்துவர்களை ஏற்றிக்கொள்ள மீட்புப் படகு வருகிறது.

"டாக்டரம்மா, நீங்க ஏறிருங்க. மத்தத நாங்க பாத்துக்கிடுதோம்."

மற்றது என்றால் என்ன என்று கேட்டேன். சரக்கு என்றார். சரக்கை என்ன செய்வீர்கள் என்று கேட்டேன்.

"எங்கிட்ட கேக்காதீய. நான் சொன்னத மட்டும் செய்யுதவன்."

யோசித்துச் சொல்கிறேன் என்றேன். லூர்து அண்ணன் ஏறப்போவதாகச் சொன்னார். அவருக்கு மூன்று நாளாகக் காய்ச்சல்.

நாள் 13. காலை 10:50

லூர்து அண்ணன் படகில் ஏறி இருபது நிமிடம்கூட ஆகவில்லை. வளம்-12 சாயத் தொடங்கியது. கணினி தானே அடிவால்வுகளைத் திறந்துவிட்டது. அண்ணன் கிளம்பும்போது ஒலிவாங்கியை அணைக்க மறந்திருக்கிறார். அலைவரிசை திறந்தே இருந்தது. ஆறாயிரம் மாடுகள் கத்துவதைக் கேட்டேன். அணைக்கக் கூடாது என்று தோன்றியது. யாராவது ஒருவர் கடைசிவரை கேட்க வேண்டும். பதினொரு நிமிடம். பிறகு தண்ணீர்ச் சத்தம்.

இப்போது புரிகிறது. மனிதர் உள்ள கப்பலை மூழ்கடிப்பது கொலை. மனிதர் இல்லாத கப்பலை மூழ்கடிப்பது சரக்கிழப்பு. இரண்டுக்கும் நடுவில் இருந்தது ஒரு ஆளின் எடை.

நாள் 13. பகல் 13:40

மீட்புப் படகு என் கப்பலோரம் வந்தது. ஏணியை நான் இறக்கவில்லை. படகிலிருந்து லூர்து அண்ணன் பேசினார்.

"எனக்குத் தெரியாது உலகு. சத்தியமாத் தெரியாது."

நம்புவதா என்று தெரியவில்லை. இப்போதும் தெரியவில்லை. மறுபடி அவரே பேசினார், குரலைத் தாழ்த்தி.

"கீழ சுக்கான் ரூம்ல செவப்பு மூடி ஒண்ணு இருக்கும். தொறந்து லீவரக் கீழ இழு. கப்பல ஓட்டுறத கம்ப்யூட்டர் விட்டுரும். அப்புறம் நீதான் ஓட்டணும். கிழக்க பாத்துப் போ."

போனேன். சிவப்பு மூடி இருந்தது. இழுத்தேன். பெரிய கட்டடமே இருமியதுபோல் கப்பல் ஒருமுறை குலுங்கியது. அடிவால்வுகளின் மின்கம்பிகளையும் தேடித் துண்டித்தேன். கிழக்கே திருப்பிவிட்டேன். மற்றத் தளங்களிலும் தாகத்திலும் வெக்கையிலும் செத்தவை போக, உயிரோடு இருப்பவை 11,870.

நாள் 14. மே 16. காலை 11:20

தூங்கவில்லை. சுக்கான் சக்கரத்தைக் கயிற்றால் கட்டிவிட்டு இடையிடையே தண்ணீர் சுமக்கிறேன். இரண்டாம் தளத்தில் ஒரு கிடா விழுந்து கிடந்தது. சிப் பிய்ந்துபோன காது. இயந்திரக் கை அதையும் குப்பை என்று வழிக்க வந்தது. கோடரியால் அடித்தேன். கை ஒடிந்து தொங்கும்வரை அடித்தேன். அதற்கப்புறமும் அடித்தேன். இயந்திரத்துக்கு வலிக்காது என்று தெரியும். அதைச் செய்தவர்களின் பெயர்களைச் சொல்லிச் சொல்லி அடித்தேன். என் பெயரையும் சொன்னேன்.

கிடா பிழைக்கவில்லை.

நாள் 14. பகல் 15:35

கரை தெரிகிறது. தேரி மணல், செக்கச் செவேலென்று. அதற்குப் பின்னால் உடைமரக் காடு. தட்டையான அடிப்பாகம் கொண்ட கப்பல், மணலில் ஏற்றிவிடலாம்.

தொலைநோக்கியில் பார்த்தேன். கரையில் ஆட்கள். வெள்ளை உடுப்பு, முகமூடி. நான்கு மண்வெட்டும் இயந்திரங்கள் வேலை செய்துகொண்டிருக்கின்றன. நீளமாக ஒரு குழி, கடலுக்கு இணையாக. ஒரு தெருவின் நீளம் இருக்கும்.

திரவியத்தை அழைத்தேன். எடுத்தார்.

"நோய்த் தடுப்பு உத்தரவும்மா. நீங்க கரைக்கு வாறீயன்னு தெரிஞ்சதும் போட்டுட்டாவ."

எதைக் கொண்டு கொல்லப் போகிறார்கள் என்று கேட்டேன். ஊசியா, வாயுவா.

"அதுக்கெல்லாம் நேரம் இல்லயாம்."

அவர் குரல் உடைந்தது. அழுகிறார் என்று நினைக்கிறேன். அழட்டும். எனக்கு அதைக் கேட்க நேரமில்லை. இணைப்பைத் துண்டித்தேன்.

நாள் 14. மாலை 16:20

திரும்பிப் போக எரிபொருள் இல்லை. இங்கேயே நின்றால் நாளை காலைக்குள் தாகத்தில் எல்லாம் போய்விடும். உயிரோடு 9,306. நேற்றிலிருந்து இன்றுவரை போனவற்றுக்கும் நான்தான்

மணலில் ஏற்றிவிட்டேன். முன்கதவைத் திறக்கப் போகிறேன். முழங்கால் தண்ணீர்தான். இந்தப் பதிவைத் திறந்த அலைவரிசையில் விட்டுவிட்டேன். யார் வேண்டுமானாலும் படிக்கலாம். யாராவது படியுங்கள்.

செம்மறிகள் முன்னால் போவதைப் பார்த்துப் பின்னால் போகும். நான் முன்னால் போகிறேன். குழியைச் சுற்றிக்கொண்டு, காட்டுப் பக்கமாக. மறித்தால் குழியின் விளிம்பில் நிற்பேன். இவற்றைத் தள்ள வேண்டுமென்றால் முதலில் என்னைத் தள்ள வேண்டும். அதை விதிப்படி எப்படிச் செய்வார்கள் என்று பார்க்கிறேன்.

தண்ணீர் வாசனை பிடித்துவிட்டன. கத்துகின்றன. உப்புத் தண்ணீர் என்று எப்படிச் சொல்ல. கதவு

தானியங்கிப் பதிவு. 2067 மே 16. 19:30

முன்கதவு திறப்பு: 16:31. இறங்கிய உருப்படி: 9,306.

மருத்துவர் கைப்பட்டைச் சமிக்ஞை: குழி விளிம்பில் 47 நிமிடம். பின்னர் நால்வரால் வாகனத்தில் ஏற்றி அகற்றம்.

குழிக்குள் பதிவான சிப்கள்: 9,243. குழி மூடல் தொடக்கம்: 17:40. அப்போது நாடித்துடிப்பு இருந்தவை: 9,243. கடைசித் துடிப்பு நின்றது: 19:12.

காட்டுக்குள் வடமேற்காக நகரும் சிப்கள்: 63. திரட்டிப் பிடிக்க ஆட்கள் அனுப்பப் பரிந்துரை அனுப்பப்பட்டது.

கப்பலில் உருப்படி: இல்லை. மனிதர்: இல்லை.

தளங்களைக் கழுவும் பணி தொடங்கியது. அடுத்த ஏற்றம்: ஜூன் 2. நிலைமையை ஆராய்ந்து இட ஒதுக்கீடு மாற்றப்பட்டது. புதிய கொள்ளளவு: 24,000.

மருத்துவர் பணியிடம்: காலி. விண்ணப்பங்கள் வந்துள்ளன: 212.