மரவள்ளித் தொட்டியில் வைத்த கல்

மூனானா,
14 ஆகஸ்ட் 2009

அன்பு மகன் அனிசேவுக்கு,

லியோனில் நீ உடல்நலத்தோடு இருக்க வேண்டும் என்று காலைப் பூசையில் மன்றாடினேன். இம்முறை வழக்கத்துக்காக மட்டும் மன்றாடவில்லை. உன் கடிதம் செவ்வாய்க்கிழமை வந்தது. மூன்று எழுத்துப் பிழைகள் இருந்தன. அவசரத்தில் எழுதியிருக்கிறாய் என்று விட்டுவிட்டேன்.

போன வாரம் ரயிலேறி லிப்ரவில் மருத்துவமனைக்குப் போய் உன் அக்கா பிளாந்தீனைப் பார்த்தேன். வாரத்துக்கு மூன்று நாள் அவள் ரத்தத்தை இயந்திரத்தில் விட்டுச் சுத்தம் செய்கிறார்கள். சிறுநீரகம் இரண்டும் போய்விட்டன. கைகள் சுள்ளியாக இருக்கின்றன, முகம் மட்டும் ஊதியிருக்கிறது. படுக்கை விரிப்பின் மூலைகளை எப்படி மடிக்க வேண்டும் என்று தாதிக்குக் காட்டிக்கொண்டிருந்தேன். "அம்மா, இது கன்னியர் மடம் இல்ல. அந்தப் பொண்ண விடுங்க, அப்புறம் என் ஊசிய ஆத்திரத்துல குத்துவா" என்றாள். இன்னும் கேலி பேசுகிறாள்.

இனி, உன்னிடம் மறைத்த செய்தி. போன மாதம் பல்கலைக்கழகத்திலிருந்து மதாம் ஓயாபி என்ற ஆசிரியை வந்தார். சுரங்கத் தொழிலாளர்களின் வீடுகளைக் கதிர்வீச்சு அளக்கும் பெட்டியோடு சுற்றிப் பார்க்கிறார். செருப்பைத் துடைக்காமல் சமையற்கட்டுக்குள் நுழைந்ததற்குக் கண்டித்துக்கொண்டிருந்தேன். மரவள்ளி ஊறும் தொட்டியருகே போனதும் பெட்டி எண்ணெயில் போட்ட கடுகுபோல் படபடத்தது. "இந்தக் கல்லு எங்க கெடச்சுது, மதாம்?" என்று கேட்டார். அந்தம்மா அதைக் கையால் தொடவில்லை.

உனக்கு அந்தக் கல் நினைவிருக்கும். கிழங்கு மிதக்காமல் அழுத்த வைத்திருந்த கறுப்புக் கல். கைக்கு அடக்கம்தான், ஆனால் இரும்புபோல் கனக்கும். உன் அப்பா ஓக்லோ யுரேனியச் சுரங்கக் குழியில் மாதிரிக் கற்கள் எடுத்துக்கொண்டிருந்த காலத்தில் கொண்டுவந்தது. பிரான்சில் சோதித்தபோது அங்கிருந்து போன தாதுவில் அணு உலையில் எரியும் பகுதி கொஞ்சம் குறைந்திருந்ததாம். யார் எடுத்தது என்று ஒரே குழப்பம். உன் அப்பா பாசில் சிரித்துச் சிரித்துச் சொன்னார்: "நாங்க யாரும் திருடல, ஒர்த்தான்ஸ். மனுசனே பொறக்காத காலத்துல பூமியே எரிச்சுத் தின்னுருக்கு!" அது உண்மைதான் என்று ஆசிரியையும் சொன்னார். இருநூறு கோடி வருடங்களுக்கு முன் யுரேனியத்துக்குள் நீர் ஊறி, அணு பிளந்து, தானாகவே உலை மூண்டிருக்கிறது. அரை மணி நேரம் எரியும். சூட்டில் நீர் ஆவியானதும் அணைந்துவிடும். இரண்டரை மணி நேரம் கழித்து நீர் திரும்ப ஊறியதும் மறுபடி மூளும். இப்படிப் பல லட்சம் வருடங்கள். அது விட்டுச்சென்ற கழிவில் பெரும்பகுதி அன்றிலிருந்து அந்தப் பாறையைவிட்டு நகரவே இல்லையாம்.

நான் அதை என் தொட்டியில் வைத்தேன்.

மற்ற பெண்களெல்லாம் ஓடையில்தான் கிழங்கை ஊறப்போட்டார்கள். பலர் கால் கழுவும் நீரில் என் பிள்ளைகளின் சாப்பாடா என்று நான் வீட்டிலேயே தொட்டி வைத்தேன். புளித்த நீரில் மூன்று நாள், நான்கு நாள். சனிக்கிழமைதோறும் அந்தக் கல்லைத் தூரிகையால் தேய்த்துக் கழுவினேன். இருபது வருடத்துக்கு மேல். ஊரிலேயே சுத்தமான மரவள்ளி என் வீட்டில்தான் என்று சொல்லித் திரிந்தேன்.

மருத்துவரிடம் கேட்டேன். "கல்லாலதான்னு சொல்ல முடியாதும்மா. இல்லன்னும் சொல்ல முடியாது" என்றார். அந்த மனிதர் பொய் சொல்லத் தெரியாதவர்.

உன் சிறுநீரகங்களில் ஒன்றை அக்காவுக்குத் தருவதாக எழுதியிருக்கிறாய். அந்தக் கடிதத்தை அவளுக்கு நான் படித்துக் காட்டப்போவதில்லை. நீ குறைவாகத்தான் தின்றிருப்பாய் என்று எனக்கு நானே சொல்லிப் பார்த்தேன். உனக்கு மரவள்ளி பிடிக்காது. ஆனால் தட்டு காலியாகும்வரை பிரம்போடு பக்கத்தில் நின்றவள் நான்தானே. மாலையில் கணுக்கால் வீங்குகிறது, நின்றுகொண்டே செய்யும் வேலை என்று கடைசியில் ஒரு வரி எழுதியிருந்தாய். அந்த வரியைத்தான் பலமுறை படித்தேன். பிளாந்தீனுக்கும் கணுக்காலில்தான் தொடங்கியது.

திங்கட்கிழமையே மருத்துவரிடம் போ. தள்ளிப் போடாதே. எங்கே வளர்ந்தாய், என்ன தின்றாய் என்று வெட்கப்படாமல் சொல். கல் இப்போது இங்கே இல்லை, ஈயப் பெட்டியில் வைத்துக் கொண்டுபோய்விட்டார்கள்.

சோதனை முடிவு நல்லதாக இருந்தால் எனக்கு எழுதாதே, நேரே அக்காவுக்கு எழுது. உங்கள் இருவருக்கும் நடுவில் என்னை நிறுத்தாதே. நான் என்ன சொல்வேன் என்று எனக்குத் தெரியும். அதை அவள் கேட்கக்கூடாது. முடிவு கெட்டதாக இருந்தால் எனக்கு மட்டும் எழுது. அவளுக்குத் தெரிய வேண்டாம். தம்பி ஒருவனாவது தப்பித்தான் என்று தாதிகளிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறாள்.

கடவுள் உன்னை அங்கேயே, என் கைக்கு எட்டாத தூரத்திலேயே, வைத்துக் காக்கட்டும்.

உன் தாய்,
ஒர்த்தான்ஸ் லெக்கோகோ