செல்பியில் இடம் மாறிய பாக்கெட்

செவ்வாய்க்கிழமை, இரவு.

இன்று கம்பெனியில் எங்கள் தையல் லைனில் தைத்த டி-சர்ட் எல்லாவற்றிலும் பாக்கெட் வலப்பக்கம் போய்விட்டது. சூப்பர்வைசர் செந்தில், சாம்பிளைத் தானே போட்டுக்கொண்டு செல்பி எடுத்து வாட்ஸ்அப் குரூப்பில் அனுப்பியிருந்தார். செல்பி இடப்பக்கத்தை வலப்பக்கமாகக் காட்டிவிட்டது. நாங்கள் எல்லோரும் அதற்குக் கட்டைவிரல் போட்டிருந்தோம்.

"ஏனுங்கக்கா, உங்களுக்காச்சும் சந்தேகம் வரலீங்களா?" என்று என்னிடம் கேட்டார். வந்தது. பாக்கெட் தைக்கும் திருநெல்வேலிக்காரி மாரியம்மாளுக்கும் வந்ததாம். "எல்லாரும் சரின்னுட்டாவ, நான் மட்டும் எதுக்குக் கேக்கணும்னு விட்டுட்டேன்" என்றாள்.

கத்தப்போகிறார் என்று நினைத்தோம். மனிதர் ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டு, எங்களோடு உட்கார்ந்து தையல் பிரித்தார். பிரிக்கத் தெரியாமல் ஒரு பீஸைக் கிழித்தும் விட்டார். பாவம், முகம் சுண்டிப்போயிற்று. யாரும் சிரிக்கவில்லை. மாரியம்மாள் அதைச் சத்தமில்லாமல் எடுத்துத் தன் குவியலுக்கு அடியில் தள்ளிவிட்டாள்.

இப்போது குரூப்பில் புதுப் படம் வந்திருக்கிறது, நாளைக்குத் தைக்க வேண்டிய காலர். அதற்குள் எல்லோரும் கட்டைவிரல் போட்டாயிற்று. என் மூக்குக்கண்ணாடி பைக்குள் கிடக்கிறது. எழுந்து எடுக்க உடம்பு வணங்கவில்லை.

நானும் போட்டுவிட்டேன்.