பந்து வீசப் போனவள்

கொட்டாஞ்சேனை
8.2.1999

அன்புள்ள பற்றிக்,

மாமியின் சளி குறைந்துவிட்டது. எனக்குத்தான் ஓரிடத்தில் இருக்க முடியவில்லை. இந்தியா போகும் பெண்கள் கிரிக்கெட் அணியில் என் பெயர் வந்திருக்கிறது! வேகப்பந்து வீச.

நேற்றுப் பயிற்சி முடிந்து வரும்போது நடந்ததைக் கேளுங்கள். சோதனைச் சாவடியில் ஓர் இளம் ஆமிக்காரர் என் பையைக் கொட்டச் சொன்னார். தமிழா என்றார். “ஓம், கிரிக்கெட் பிளேயர்” என்றேன். நம்பாமல் சிரித்தார். “அப்ப இந்தக் கிரிக்கெட் பட்டைப் பிடியுங்க மல்லி, நான் போடுறன்” என்றேன், தம்பி முறை வைத்து, அரைகுறைச் சிங்களத்தில். துவக்கை மற்றவரிடம் கொடுத்துவிட்டு மண்மூட்டைக்கு முன்னால் வந்து நின்றார். முதல் பந்தே அவரைத் தாண்டி மூட்டையில் அடித்தது. சுற்றி நின்றவர்கள் கைதட்ட, அவரே பையை அடுக்கித் தந்து, “யன்ன அக்கே, போங்க அக்கா” என்றார். சந்தி திரும்பியதும் வீடுவரை ஒரே ஓட்டம்.

போய் வா என்று ஒரு வரி எழுதுங்கள்.

உங்கள்
மெற்றில்டா


டோஹா
21.2.1999

அன்பு மெற்றில்டா,

உன் கடிதத்தை வாசித்து நான் சிரிக்கவில்லை. அந்தப் பெடியன் வேறு மாதிரி யோசித்திருந்தால்?

உனக்கு விசா வந்துவிட்டது. மார்ச் முடிவதற்குள் நீ இங்கே வந்து இறங்க வேண்டும். தவறினால் கம்பெனி மறுபடி தராது. கலியாணம் முடிந்த கையோடு வந்து, இவ்வளவு காலமும் ஆறு பேரோடு ஓர் அறையில் படுத்தவன், நமக்கென்று ஒரு வீடு பார்த்திருக்கிறேன். சமையலறையில் ஜன்னல்கூட உண்டு.

நீ விளையாடியது போதும் என்று சொல்லவில்லை. நாம் இன்னும் வாழத் தொடங்கவே இல்லையே என்றுதான் சொல்கிறேன்.

உன்
பற்றிக்


கொட்டாஞ்சேனை
10.3.1999

அன்புள்ள பற்றிக்,

இதை எழுதிக் கிழித்து, மறுபடி எழுதுகிறேன். இந்தியப் பயணமும் இந்த மாதக் கடைசியில்தான். “புருசன் கூப்பிட்டாப் போறதுதானே பிள்ளை” என்கிறா மாமி. அக்கா பிறிஜெற்றும் அதையே சொல்கிறா. இருவர் சொல்வதிலும் பிழையில்லை.

நேற்று டோஹாவுக்கென்று பெட்டி அடுக்கத் தொடங்கினேன். பாதியில் எழுந்து துறைமுகம்வரை நடந்துவிட்டு வந்தேன். வந்ததும் அடுக்கியதையெல்லாம் வெளியே எடுத்துவிட்டேன்.

நான் இந்தியா போகிறேன். திரும்பியதும் எப்படியாவது வருகிறேன். அந்த வீட்டை விட்டுவிடாதீர்கள். கோபமென்றாலும் பதில் எழுதுங்கள்.

உங்கள்
மெற்றில்டா


கொட்டாஞ்சேனை
17.6.2012

பற்றிக்,

இந்தியா போகிறேன் என்றதிலிருந்து நான் எழுதிய எதற்கும் பதில் போடாதவரின் கையெழுத்தை இத்தனை வருடம் கழித்துப் பார்த்தேன். சுகமாயிருக்கிறீர்கள் என்பதில் மகிழ்ச்சி.

நம் திருமணம் செல்லாது என்று திருச்சபை தீர்ப்பளிக்க நானும் சாட்சி சொல்ல வேண்டுமென்று கேட்டிருக்கிறீர்கள். சொல்கிறேன். நீங்கள் கட்டப்போகும் அருள்நாயகி பொறுமையானவ என்று மாமி சாகுமுன் என்னிடம் சொன்னா.

என்னைப் பற்றியும் விசாரித்திருந்தீர்கள். பிறகு அணியில் நிலைத்தேன். சில காலம் தலைவியாகவும் இருந்தேன். இப்போது முழங்கால் போய்விட்டது. பின்னேரங்களில் இங்குள்ள பெண்பிள்ளைகளுக்குப் பந்துவீச்சுப் பழக்குகிறேன். பக்கத்து வீட்டு றேமண்டின் மகள் நாட்டு அணிக்கே போய்விட்டாள். அவளுடைய முதல் மேட்சில் என்னால் கதிரையில் இருக்க முடியவில்லை.

ஒன்று மட்டும் உங்களுக்குத் தெரியாது. அந்த இந்தியப் பயணத்தில் என்னை ஒரு மேட்சிலும் இறக்கவில்லை. வெயிலில் மற்றவர்களுக்குத் தண்ணீர் கொண்டு ஓடினேன். எழுதினால், “இதுக்காகவா?” என்று கேட்பீர்கள் என்றே எழுதவில்லை.

அப்படி ஆகுமென்று முன்பே தெரிந்திருந்தால் டோஹாவுக்கு வந்திருப்பேனா என்று எத்தனையோ தரம் யோசித்திருக்கிறேன். வந்திருக்க மாட்டேன், பற்றிக். திருச்சபைச் சாமிமார் கேட்டால் அதைத்தான் சொல்லப்போகிறேன். அதற்கு முதல் நீங்கள் அறிய வேண்டும்.

மெற்றில்டா