ஏழாம் நம்பர் கடிதம்

1934 ஆகஸ்ட் 6, திங்கள். பிரிக்பீல்ட்ஸ்.

விடிந்ததிலிருந்து மழை. நேற்றுத் துவைத்தது இன்னும் காயவில்லை. தையல் பாக்கி: ரவிக்கை மூன்று, பள்ளிக்கூடப் பாவாடை ஒன்று.

லாயர் ஆபீஸ் கிராணி (குமாஸ்தா) வந்தார். ஜட்ஜ் உத்தரவு ஆகிவிட்டதாம். என் வீட்டுக்காரர் செமினியில் ரோட்டு வேலை பார்த்தபோது எனக்கு எழுதிய கடிதங்கள் பதினொன்றையும் எதிர்த்தரப்பு லாயர் பார்வைக்குக் கொடுத்துவிட வேண்டும். கெடு 17, வெள்ளி, மாலை நாலு. தவறினால் வழக்குத் தள்ளுபடி.

"பதினொண்ணுன்னு நீங்களே சத்தியம் பண்ணி லிஸ்ட் குடுத்திருக்கீங்கம்மா. ஒண்ணு கொறஞ்சாலும் போச்சு."

ஏன் குறையப் போகிறது? கிள்ளான் வீடு என் வீட்டுக்காரர் உழைப்பு. நிலம் பதிந்த அன்று லீவு கிடைக்காமல் தன் அண்ணனை அனுப்பினார். அந்த மூத்தார் தன் பேரிலேயே கிராண்டை (நிலப் பத்திரத்தை) வாங்கி வந்தார். என் வீட்டுக்காரர் காய்ச்சலில் போய், பதினாறாம் நாள் காரியம் முடிந்த மறுநாள், மூத்தார் எனக்குக் கதவைப் பூட்டிவிட்டார். அவர் மேல்தான் வழக்கு.

ஆக. 7

கடிதங்களை அடுக்கினேன். நம்பர் (ந.) 3, கருவாடு கேட்டது. ந. 5, அட்டைக் கடி. ந. 9, கோபம் (என் மேல்தான்). ந. 7, வீடு. வழக்குக்கு உயிர் இதுதான் என்று லாயர் சொன்னார்.

ஏழில் வேறொன்றும் எழுதியிருக்கிறார். வெட்கமாக இருந்தது. எடுத்து வைத்துவிடலாமா என்று ஒரு நொடி நினைத்தேன். பிறகு போகட்டும் என்று விட்டேன். வெட்கத்துக்குள் குடியிருக்க முடியுமா?

நானே கொண்டுபோகக் கிளம்பினேன். என் அண்ணன் விடவில்லை; நான் இருப்பது அவர் வீட்டில். "லாயர் ஆபீஸ் படியெல்லாம் பொம்பள ஏற வேணாம். ரயில்வே ஆபீஸ் போற வழிதானே, நான் குடுத்துடுறேன்." கடிதக் கட்டை வாங்கிக்கொண்டார்.

ஆக. 9, வியாழன்

"குடுத்தாச்சு" என்றார் அண்ணன். அப்பாடா. ஒரு ரவிக்கை முடிந்தது.

ஆக. 12

கிள்ளானிலிருந்து பக்கத்து வீட்டு அக்கா ரயிலில் வந்து போனாள். என் முருங்கையை வெட்டிவிட்டார்களாம். மூத்தார் பாசாரில், சந்தை நடுவில் நின்று, "தம்பி பொண்டாட்டி கோர்ட்டு ஏறிட்டா, குடும்பமே நாறிப்போச்சு" என்கிறாராம். நாற வைத்தது யார்? செத்த தம்பியின் வீட்டில் காலை நீட்டிப் படுத்திருக்கும் ஆளுக்குப் பேச்சைப் பார்.

முருங்கை நான் நட்டது. காய்க்கத் தொடங்கிய மரம்.

ஆக. 15

லாயர் ஆபீஸ் கிராணி வாசலோடு வந்து அண்ணனிடம் ஏதோ பேசிவிட்டுப் போனார். என்ன என்று கேட்டேன். "ஒண்ணுமில்ல, ஸ்டாம்பு விஷயம்." உப்பு வாங்க மறந்தேன். அண்ணி முணுமுணுப்பு.

ஆக. 17, வெள்ளி

நாலு மணி. கெடு முடிந்தது. நம் பக்கம் சுத்தம். சாமிக்கு விளக்கேற்றினேன்.

ஆக. 23, வியாழன்

தள்ளுபடி.

அடுப்பில் பால் பொங்கும் நேரம்கூட ஆகவில்லை. ஜட்ஜ் துரை முகத்தைத் தூக்கவில்லை. உத்தரவுக்குக் கீழ்ப்படியவில்லை, சொல்லியும் கொண்டுவரவில்லை என்று இன்டர்பிரட்டர் தமிழில் சொன்னார். மூத்தார் அங்கவஸ்திரத்தை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போனார்.

வராந்தாவில் கிராணியைப் பிடித்துக் கத்திவிட்டேன். உங்கள் ஆபீஸ்தான் தொலைத்தது, திருட்டுக் கூட்டம் என்றேன். அவர் பொறுமையாகச் சொன்னார்: "பத்துக் கடிதம்தாம்மா வந்துச்சு. ஏழாம் நம்பர் எங்கன்னு கேட்டு வீட்டுக்கே வந்தேனே. காணாமப் போச்சுன்னு உங்க அண்ணன்தான் சொன்னாரு."

அண்ணனுக்கு இன்று லீவு இல்லையாம். அதனால் கோர்ட்டுக்கு வரவில்லை.

ஆக. 24

கேட்டேன். மறுப்பார் என்று நினைத்தேன். மறுக்கவில்லை. பஞ்சாங்கத்துக்குள்ளிருந்து எடுத்துப் போட்டார்.

"அதுல என்ன எழுதியிருக்குன்னு தெரியுமில்ல? பொண்டாட்டி காலப் புடிச்சு எண்ணெ தேய்ச்சேன்னு ஒரு ஆம்பள எழுதியிருக்கான். இன்டர்பிரட்டர் சத்தமாப் படிப்பான். வெள்ளக்காரன் கேப்பான். கிள்ளான் பூரா சிரிக்கும். உன் மானத்துக்காகத்தான் செஞ்சேன்."

உட்கார்ந்து என் கடிதங்களைப் படித்திருக்கிறார். அதில் மட்டும் என் மானம் போகாதாம்.

கடிதத்தில் இருப்பது இவ்வளவுதான்: "உன் கால் வெடிப்புக்கு வேப்பெண்ணெயும் மெழுகும் காய்ச்சி நானே தேய்த்துவிடுவேனே, இப்போது யார் செய்வார்? அதற்குத்தான் உன் வீட்டுக்குப் பலகை வேண்டாம், வழவழப்பாகச் சிமெண்டுத் தரை போடச் சொல்லியிருக்கிறேன். கிராண்டு என் அண்ணன் பேரில் இருப்பது நான் லீவில் வரும்வரைதான்."

காலும் வீடும் அடுத்தடுத்த வரி. ஒன்றை மறைத்து மற்றதையும் புதைத்துவிட்டார் மகாராசன்.

ஆக. 27

லாயர் ஆபீசுக்கு நானே போனேன். இருபத்திரண்டு படி. ஏறினேன், ஒன்றும் ஆகவில்லை.

கிராணி ஏழாவதை உரக்கப் படித்தார். யாரும் சிரிக்கவில்லை. தேதி தெளிவாக இருக்கிறதா என்று மட்டும் லாயர் கேட்டார். வழக்கைத் திரும்ப எடுக்கச் சொல்லி மனுப் போடலாமாம். ஆனால் மறைத்தவரே, ஏன் மறைத்தேன் என்று சத்தியம் செய்து கையெழுத்துப் போட வேண்டும். அது இல்லாமல் ஜட்ஜ் திரும்பியும் பார்க்கமாட்டார். வெள்ளி மூன்று மணிக்கு அண்ணனை அழைத்து வரச் சொன்னார். அதற்கு மேல் தாமதம் கூடாதாம்.

ஆக. 29

"கோர்ட்டு உத்தரவ மறைச்சேன்னு நானே எழுதிக் குடுக்கறதா? இருவது வருஷ சர்வீஸ். ரயில்வே துரை காதுக்குப் போனா வேலை போயிடும்லா."

போன வெள்ளிக்கிழமை என் மானம். இன்று அவர் சர்வீஸ்.

"உங்க தங்கச்சிதானே, ஒரு கையெழுத்து" என்றாள் அண்ணி. அவள் அப்படிச் சொல்வாள் என்று நான் நினைக்கவேயில்லை. அண்ணன் செய்தித்தாளை விரித்துக்கொண்டார்.

மறுபடி கேட்டேன். அழமாட்டேன் என்றுதான் இருந்தேன். அழுதுவிட்டேன். "வெள்ளிக்கிழமை பாப்போம்" என்றார்.

ஆக. 31, வெள்ளி

வெயில். இரண்டரைக்கே போய்விட்டேன். மூன்று. மூன்றரை. கிராணி நாற்காலி போட்டார், உட்காரவில்லை. நாலு அடித்தது. லாயர் வேறு கேசுக்குப் போய்விட்டார்.

நடந்தே வந்தேன். குதிகால் வெடித்து ரத்தம்.

அண்ணன் எனக்கு முன்பே வீட்டில் இருந்தார். குளித்து, விபூதி பூசி. என் முகத்தைப் பார்க்காமல் ஒரு டப்பாவை நீட்டினார். "மஸ்ஜித் இந்தியா பக்கம் போயிருந்தேன். கால் வெடிப்புக்கு நல்ல மருந்தாம். அண்ணி போட்டுவிடுவா."

அப்படியென்றால் மூன்று மணிக்கு அங்கேதான் நின்றிருக்கிறார். லாயர் ஆபீசுக்கு அங்கிருந்து எட்டி நடந்தால் போதும். அவர் கால்தான் நடக்கவில்லை.

வாங்கிக்கொண்டேன். வாசலுக்குப் போய் அவர் செருப்பின் மேல் வைத்துவிட்டு வந்தேன்.