ஈரலை அவளுக்கு வைத்தேன்

மார்ச் 4

குளிர் அறைக்கு இன்று நாற்பத்தொரு பெட்டி வந்தது. செவுளைத் தூக்கிப் பார்த்து, கண்ணைப் பார்த்து, முகர்ந்து, பெட்டியின் மேல் சாக்பீஸால் ‘சரி’ அல்லது ‘வேண்டாம்’ என்று எழுதுவது என் வேலை. பத்தொன்பது வருஷமாக இதையே செய்கிறேன். அங்கே யாருக்கும் என் பெயர் ஞாபகமிருக்காது. மேலாளரிலிருந்து ஐஸ் உடைப்பவர் வரை எல்லோருக்கும் நான் மூக்கக்காதான். நேற்றுப் பிடித்ததா முந்தாநாள் பிடித்ததா என்று கண்ணை மூடிக்கொண்டே சொல்வேன். பெருமை இருக்கிறது, இல்லையென்று எதற்குப் பொய் சொல்ல வேண்டும்?

தம்பி பெண்டாட்டி சிட்டுவுக்கு ஏழாம் மாதம் நடக்கிறது. தம்பி லிஃப்ட் பழுது பார்க்கப் போகும் கட்டடங்களிலிருந்தெல்லாம் எனக்குப் போன் செய்து, “உன் மீன் புராணத்த நிறுத்திட்டு சொல்லு, அவ சாப்பிட்டாளா?” என்கிறான். பெண்டாட்டியைக் கேட்டால் பொய் சொல்வாளாம்.

மார்ச் 6, ஞாயிறு

எங்கள் குளிர் அறைக்கு மீன் போடும் படகுக்காரர் காலையிலேயே வீட்டுக்கு வந்துவிட்டார். கையில் சாக்கு. உள்ளே ஒரு கலவா மீனின் தலையும் ஈரலும். “உங்க வீட்டுல பிள்ளத்தாச்சி இருக்கால்ல மூக்கக்கா, நல்லதா ஒண்ணு மாட்டுச்சு.” முழு மீன் என் இடுப்பு உயரம் இருந்ததாம். வெளிப் பவளப் பாறையில் ஒரு பொந்துக்குள் வாயைத் திறந்துகொண்டு அசையாமல் இருந்ததாம். கலவா துரத்திப் பிடிக்காது. காத்திருக்கும். பக்கத்தில் வருவதை ஒரே வாயில் உறிஞ்சிவிடும். தொண்டையில் ஒரு கிளிமீன் முழுசாக இருந்தது. அதன் நீலம்கூடக் கலையவில்லை.

முகர்ந்து பார்த்தேன். கடல் வாசனை மட்டும்தான். கண் கண்ணாடி மாதிரி. இத்தனை வருஷத்தில் இவ்வளவு சுத்தமான மீனைப் பார்த்ததில்லை.

தம்பிக்குத் தலையென்றால் அருவருப்பு. இரண்டு வாயோடு எழுந்துவிட்டான். கன்னச் சதையை நானும் சிட்டுவும் பங்கு போட்டோம். ஈரலை அவளுக்கு வைத்தேன். “போதும் அண்ணி” என்றாள். “எனக்குப் போதாது, சாப்பிடு” என்றேன்.

மார்ச் 7

சாயங்காலம் ஆறு மணிக்கு எனக்கு ஆரம்பித்தது. அரைமணி நேரத்தில் அவளுக்கு. வாந்தி, வயிற்றுப்போக்கு. ஒரே குளியலறை, இரண்டு பேர். முதலில் சிரித்தோம்கூட. பிறகு சிரிப்பு வரவில்லை. உதடு மரத்துவிட்டது. பல்லெல்லாம் ஈறிலிருந்து கழன்று தொங்குவது போல இருக்கிறது. கண்ணாடியில் பார்த்தால் அப்படியே இருக்கின்றன.

மார்ச் 8

தண்ணீர் சுடுகிறது. குழாய்த் தண்ணீர். பச்சைத் தண்ணீர்!

மார்ச் 9

அப்படி இல்லை, எனக்குத்தான் புத்தி பிசகிவிட்டது என்று நினைத்தேன். சிட்டு ஃபிரிட்ஜைத் திறந்து தண்ணீர்ப் பாட்டிலைத் தொட்டாள். “ஐயோ” என்று கையை உதறினாள். பாட்டில் தரையில் உருண்டது. நான் எதுவும் சொல்லியிருக்கவில்லை. இரண்டு பேரும் அந்தப் பாட்டிலையே பார்த்துக்கொண்டு நின்றோம், யாரோ உள்ளே வந்துவிட்டது போல.

ஆஸ்பத்திரிக்குப் போனோம். முதலில் பார்த்த டாக்டர் வயிற்றுக் கோளாறு என்றார். சுடும் தண்ணீரைப் பற்றிச் சொன்னதும் பேனாவை மூடிவிட்டு இன்னொருவரைக் கூட்டி வந்தார். மூத்த டாக்டர். வந்ததும் முதல் கேள்வி: “என்ன மீன்? எவ்வளவு பெருசு?”

செத்த பவளத்தின் மேல் கண்ணுக்குத் தெரியாத ஒரு பாசி படருமாம். அதில் விஷம். சின்ன மீன் பாசியை மேயும். அதை இன்னொன்று தின்னும். கடைசியில் எல்லாம் பெரிய மீனுக்குள் சேர்ந்துவிடும். மீனுக்கு ஒன்றும் ஆகாது. வேக வைத்தாலும் போகாது, ஐஸில் வைத்தாலும் போகாது.

“வாசனை?” என்று கேட்டேன்.

“கிடையாதும்மா. ருசியும் மாறாது. தலையிலயும் ஈரல்லயும்தான் ரொம்ப இருக்கும்.”

சிட்டு என்னைப் பார்க்கவில்லை. பார்க்காமலிருக்க அவள் பட்ட பாடு எனக்குத் தெரிந்தது.

“வயித்துல இருக்கற பிள்ளைக்கு?” தம்பி கேட்டான்.

“தெரியாது. மாற்று மருந்துன்னு ஒண்ணும் இல்ல. பாப்போம்.”

மார்ச் 14

வேலைக்குப் போனேன். ஐஸுக்குள் கையை விட்டால் அடுப்புக்குள் விட்டது போல. உறை மாட்டினாலும் அதே. பல்லைக் கடித்துக்கொண்டு இருபது பெட்டி பார்த்தேன். எல்லாக் கண்ணும் தெளிவாக இருந்தன. எந்த மீன் உள்ளே எதை வைத்திருக்கிறது? முகர்ந்தேன், முகர்ந்தேன். ஒன்றுமில்லை.

மார்ச் 17

தம்பி வாயைத் திறந்துவிட்டான். ஒரு வாரமாக அடக்கி வைத்திருந்தது.

“உன் மூக்க நம்பித்தானே தின்னோம்? ஊருக்கே சொல்ற, வீட்டுக்குள்ள வந்தத பாக்கத் தெரியல?”

“எனக்கு எப்படிடா தெரியும்...”

“அவ போதும்னு சொன்னா. நான் கேட்டேன். நீதான் விடல.”

நான்தான் விடல. நான்தானே.

அவன் இப்போது என் கையால் சாப்பிடுவதில்லை. கடையில் ரொட்டி வாங்கி வந்து நின்றுகொண்டே தின்கிறான்.

மார்ச் 24

படகுக்காரரைத் தேடிப் போனேன். கயிற்றுக் கட்டில் மேல் கிடந்தார். மீதி மீனை அவர் வீட்டிலும் சாப்பிட்டிருக்கிறார்கள். கால் விரலெல்லாம் அரிப்பு; சொறிந்து சொறிந்து புண். என் முகத்தைப் பார்த்ததும் அழுதுவிட்டார். நான் திட்டலாம் என்றுதான் போனேன்.

இரண்டு வருஷம் முன்பு துறைமுகத்துக்காகக் கடலடியில் வெடி வைத்தார்களே, அதற்குப் பிறகு வெளிப் பாறை வெளுத்துவிட்டதாம். “காலி பண்ணிட்டுப் போன வீடு மாதிரி இருக்கு மூக்கக்கா. சுவரெல்லாம் மெத்து மெத்துனு ஏதோ முளைச்சிருக்கு. ஆனா கலவா மட்டும் கொழுகொழுனு இருக்கு.” கால் விரலைச் சொறிந்துகொண்டே சொன்னார்: “அந்தப் பொந்துல இருந்தத எடுத்தேன்ல? பத்து நாள்ல அண்ணன் மகன் முங்கிப் பாத்திருக்கான். அதே பொந்து. அதே அளவு. அதே மாதிரி வாயத் தொறந்துட்டு இருக்காம்.”

“வேற மீனா இருக்கும்.”

“வேற மீன்தான். ஆனா ஆள் பக்கத்துல போனா நகர மாட்டேங்குதாம்.”

ஏப்ரல் 2

எனக்கும் அரிப்பு தொடங்கிவிட்டது. எப்போது வரும் என்று இப்போது தெரிந்துவிட்டது. பகல் மூன்று மணி. உள்ளங்கையில் தொடங்கி முழங்கைக்கு ஏறும். இன்று மூன்று மணிக்குக் கையைத் தேய்த்துக்கொண்டிருந்தேன். அடுத்த அறையில் நகத்தால் பரபரவென்று சொறியும் சத்தம். போய்ப் பார்த்தால் சிட்டு. அதே கை.

“அண்ணி, இங்க வாங்க” என்றாள். சட்டையை விலக்கி வயிற்றைக் காட்டினாள். பிள்ளை உதைப்பதை நான் பார்த்திருக்கிறேன். இது உதை இல்லை. தோலுக்கடியில் ஏதோ இடமிருந்து வலமாக வழுக்கிக்கொண்டு போகிறது, திரும்புகிறது, மறுபடி போகிறது. கூடைக்குள் போட்ட மீன் போல. கையை வைத்தேன். என் உள்ளங்கை அரிப்பும் உள்ளே அந்த அசைவும் ஒரே தாளத்தில். மூன்று மணி இருபதுக்கு எனக்கு நின்றது. அவளுக்கு நின்றது. உள்ளேயும் நின்றது.

“மூணு பேருக்கும் ஒரே நேரத்துல” என்றாள் சிட்டு. சிரிக்கப் பார்த்தாள்.

டாக்டரிடம் சொன்னோம். இதயத்துடிப்பு சரியாக இருக்கிறதாம்.

ஏப்ரல் 3

இன்றும் மூன்று மணிக்கு.

ஏப்ரல் 11

வேறொரு படகில் ஒரு கலவா வந்தது. இடுப்பு உயரம். வெளிப் பாறையா என்று கேட்டேன், ஆமாம் என்றார்கள். பெட்டியில் ‘வேண்டாம்’ என்று எழுதினேன்.

மேலாளர் வந்தார். “நாறுதா?”

“இல்ல.”

“கண்ணு கலங்கிருக்கா?”

“கண்ணாடி மாதிரி இருக்கு.”

“அப்புறம் எதுக்கு வேண்டாம்? மூக்கு என்ன சொல்லுது?”

“மூக்குக்கு ஒண்ணும் தெரியல சார். எனக்குத் தெரியாதுன்னு இப்பதான் தெரிஞ்சுது.”

அவர் கைக்குட்டையால் எழுத்தைத் துடைக்கக் குனிந்தார். நான் சொன்னேன், சத்தமாகவே சொன்னேன்: “அப்ப முதல்ல நீங்க எடுத்துட்டுப் போங்க. உங்க வீட்டுப் பிள்ளைங்களுக்கு ஈரல வைங்க.”

அறையில் ஐஸ் உடைக்கும் சத்தம் நின்றுவிட்டது. மேலாளர் கைக்குட்டையை மடித்துப் பையில் வைத்தார். பெட்டி வெளியே போகவில்லை. மண்ணைத் தோண்டிப் புதைத்தார்கள். நாய் தோண்டாத ஆழத்துக்கு என்று நானே நின்று பார்த்தேன்.

புதைக்கும்போதும் அதன் வாய் மூடவில்லை.

ஏப்ரல் 12

இனிமேல் வெளிப் பாறையிலிருந்து கலவா, சீலா, அஞ்சாலை போன்ற பெரிய மீன் எதையும் எடுப்பதில்லை என்று அறிவிப்புப் பலகையில் எழுதிப்போட்டிருக்கிறார். மேலாளர் கையெழுத்து. கையெழுத்து கேவலம். இருந்தாலும் நான்கு தடவை படித்தேன்.

ஏப்ரல் 29

மூன்று மணி. எனக்கு வந்தது. சிட்டுவுக்கும் வந்தது. உள்ளே அசைவில்லை.

நாலு மணி வரை பார்த்தோம். அவள் இடது பக்கமாகப் படுத்தாள். வெல்லத் தண்ணீர் குடித்தாள். நான் வயிற்றில் காதை வைத்தேன். சும்மா இருக்கிறது. காத்திருப்பது போலச் சும்மா இருக்கிறது — என்ன நினைப்பு இது! சீ, என் தம்பி பிள்ளை அது. எனக்கு ஏன் அந்தப் பொந்து ஞாபகம் வருது? ஏன்?

தம்பிக்குப் போன் செய்தேன். பதினோராம் மாடியில் லிஃப்டுக்கு மேலே நின்றுகொண்டிருந்தானாம். “வர்றேன்” என்று மட்டும் சொன்னான். ஆட்டோவில் அவளைத் தூக்கி உட்கார வைத்தோம். என் கை பட்டதும் அவன் தட்டிவிடவில்லை. அவனுக்குத் தெரியவே இல்லை போல.

ஏப்ரல் 30

பெண். வயிற்றைக் கிழித்து எடுத்தார்கள். இரண்டு கிலோ நூறு. உயிரோடு இருக்கிறாள்.

மே 3

அழும்போது வாய் வலது பக்கம் மட்டும்தான் திறக்கிறது. இடது கன்னம் அசைவதில்லை. இடது கண் தூங்கும்போதும் முழுதாக மூடாமல் கீற்றாகத் திறந்திருக்கிறது. பக்கத்துப் படுக்கைக்காரி எட்டிப் பார்த்துவிட்டுத் தன் திரையை இழுத்துக்கொண்டாள்.

“நரம்புதான். சரியாகலாம்” என்றார் மூத்த டாக்டர். ஆகும் என்று சொல்லவில்லை. ‘லாம்’. அந்த ஓரெழுத்தையும் ஒற்றையும் வைத்துக்கொண்டு மூன்று பேர் உட்கார்ந்திருக்கிறோம்.

தாய்ப்பாலில் விஷம் இறங்கக்கூடும், இப்போதைக்கு வேண்டாம் என்று சொல்லிவிட்டார். சிட்டு பாலைப் பீய்ச்சிக் கழுவுதொட்டியில் கொட்டுகிறாள். கொட்டும்போது சுவரைப் பார்த்துக்கொண்டு நிற்கிறாள். இன்று நான் கதவருகே நின்றது தெரிந்து, திரும்பாமலேயே சொன்னாள்:

“அண்ணி, நீங்க எனக்கு ஆசையாத்தான் வச்சீங்க. அது எனக்குத் தெரியும். ஆனா இன்னைக்கு என் கூடப் பேசாதீங்க.”

சரி என்றேன். வெளியே வந்து படிக்கட்டில் உட்கார்ந்தேன்.

ஜூன் 10

சிட்டு பேசுகிறாள். பாட்டிலைக் கொதிக்க வைப்பது, துணி மடிப்பது, இதைப் பற்றியெல்லாம். எனக்குத் தண்ணீர் சுடுவது பாதியாகக் குறைந்திருக்கிறது. மூன்று மணி என்பது சில நாள் வருகிறது, சில நாள் வருவதில்லை.

பிள்ளையை நான் இன்னும் தனியாகத் தூக்கவில்லை. யாரும் தடுக்கவில்லை. தரவும் இல்லை.

ஜூலை 21

படகுக்காரர் எழுந்து நடக்கிறார். வெளிப் பாறைக்கு இனிப் போவதில்லையாம். படகை அந்தப் பக்கம் திருப்பினாலே விரல் அரிக்கிறது என்கிறார். அவர் அண்ணன் மகன் போய்ப் பார்த்துவிட்டு வந்தானாம். இப்போது பொந்துக்கு ஒன்றாக இருக்கின்றனவாம். பிடிப்பவர் இல்லை. “வரிசையா வாயத் தொறந்துட்டு இருக்கு மூக்கக்கா. அடுத்தடுத்த வீட்டு வாசல்ல ஆள் உக்காந்த மாதிரி.” நான் வேறு பேச்சுக்குப் போய்விட்டேன்.

ஆகஸ்ட் 14

காலையில் சிட்டுவுக்குத் தலைவலி. மாத்திரை போட்டுப் படுத்துவிட்டாள். தம்பி வேலைக்குக் கிளம்பி, ஷூவை மாட்டிக்கொண்டு, பிள்ளையைக் கையில் வைத்தபடி அறை நடுவில் நின்றான். என்னைப் பார்த்தான். பிறகு என் மடியில் கிடத்திவிட்டு, “அக்கா, பாத்துக்கோ. பத்து மணிக்குப் பால்” என்றான். கதவைச் சாத்திக்கொண்டு போய்விட்டான். கீழே வண்டிச் சத்தம் கேட்கும் வரை நான் மூச்சுகூட விடவில்லை.

பத்து மணிக்குப் பால் கொடுத்தேன். வலது ஓரத்தில் பாட்டிலை வைத்தால்தான் வழியாது; அவள் அம்மா செய்வதைப் பார்த்து வைத்திருக்கிறேன். ஏப்பம் விட்டாள். என் சட்டைப் பொத்தானைப் பிடித்து இழுத்தாள். பிறகு பெரிதாக ஒரு கொட்டாவி. இடது உதட்டு ஓரம் மேலே ஏறியது. நூலால் இழுத்தது போல, மெல்ல.

என் கண்தான் ஏமாற்றுகிறதா? இன்னொரு கொட்டாவிக்காக முக்கால் மணி நேரம் அசையாமல் உட்கார்ந்திருந்தேன். கால் மரத்துப்போனது. கொட்டாவி வந்தது. ஏறியது.

சிட்டு இன்னும் தூங்குகிறாள். எழுந்ததும் சொல்ல வேண்டும். இல்லை, நான் சொல்லப்போவதில்லை. பிள்ளையை அவள் மடியில் வைத்துவிட்டுச் சும்மா இருப்பேன். அவளே பார்க்கட்டும்.