வெட்டப்பட்ட ஆறு நிமிடங்கள்

நேற்று மண்டபத்தில் கொடுத்த நிகழ்ச்சித் தாள் என் மேசையில் கசங்கிக் கிடக்கிறது. ‘மறைந்த ஈரானியக் கலைஞருக்கு அஞ்சலி’ என்று போட்டு, உங்கள் பெயரைப் பிழையாக அச்சடித்திருக்கிறார்கள். என் கோபம் அதற்கல்ல.

உங்கள் நாட்டில் எழுதவும் நடிக்கவும் வழியில்லாமல்போன பிறகுதான், சின்னக் கமெராவோடும் மூன்று நண்பர்களோடும் திருகோணமலைக்கு வந்தீர்கள். கப்பல் கைவிட்டுப்போன ஒரு மாலுமியின் கதை. எழுதியவரும் நீங்கள், மாலுமியும் நீங்கள். பள்ளிக்கூடத்தில் ஆங்கிலம் படிப்பித்த நான் உங்களுக்கு மொழிபெயர்ப்பாளன். எங்கள் தமிழில் நீங்கள் முதலில் பிடித்துக்கொண்ட சொல் ‘ஏலாது’, அதாவது முடியாது. “என் வாழ்க்கை முழுக்கக் கேட்ட சொல்” என்று சிரித்தீர்கள்.

துறைமுக மதிலோரம் ஒரு காட்சி. காணாமல்போன மகனின் போட்டோவை மாலுமியிடம் காட்டி ஒரு தாய் அழவேண்டும். திரியாய்க் கிராமத்திலிருந்து வந்த பரமேஸ்வரி அக்கா நடிகையல்ல. போட்டோவில் இருந்தவன் போர்க்காலத்தில் காணாமல்போன அவருடைய சொந்த மகன்.

“நான் அழமாட்டன். நாங்கள் அழுறத எல்லாரும் எடுத்திட்டினம். நான் கேள்வி கேக்கிறன், அத எடுங்கோ” என்றார்.

நான் மொழிபெயர்த்துச் சொன்னதும் கையிலிருந்த தாளைக் கிழித்தீர்கள். மதிலில் வேறு தாளை வைத்து, அங்கேயே புதிதாக எழுதினீர்கள்.

ஊர் திரும்பியதும் உங்கள் கடவுச்சீட்டைப் பறித்துக்கொண்டார்கள். படம் அங்கே திரைக்கு வரவேயில்லை. ஆனாலும் அடுத்த கதையைத் தொலைபேசியில் சொல்லிக்கொண்டேயிருந்தீர்கள். பிறகு ஒருநாள் உங்கள் மகள் பேசினாள்.

நேற்று மண்டபத்தில் திரையிட்ட படத்தில் அந்தக் காட்சியைக் காணவில்லை. மாலுமி மதிலருகே வருகிறார். அடுத்த கணம் படகில் நிற்கிறார். நிகழ்ச்சியை ஒழுங்கு செய்தவரிடம் ஓடினேன்.

“சேர், அது பிரச்சினை. ஆறே ஆறு நிமிசம்தானே வெட்டினனாங்கள், மற்றதெல்லாம் இருக்கு” என்றார்.

அங்கே உங்களை அடக்கியவர்கள் அஞ்சலி என்ற பெயரில் அதைச் செய்யவில்லை. இவர்கள் மாலை போட்டுவிட்டு வெட்டினார்கள்.

படம் முடிந்து விளக்குகள் எரிந்தபோது முன்வரிசையில் அக்கா எழுந்தார். மகனின் போட்டோவை என்னிடம் நீட்டினார்.

“தம்பி, இவனைக் கண்டனீங்களோ?”

வெட்டிய காட்சியின் முதல் வரி அது. அதற்கு மாலுமி சொல்லும் பதிலை உங்களுக்குத் தமிழில் சொல்லித்தந்தவன் நான்தானே. போட்டோவை வாங்கிக்கொண்டு சொன்னேன்.

“காணேல்ல அம்மா. ஆனா நீங்கள் கேட்டது எனக்குக் கேட்டிட்டுது. இனி நானும் கேப்பன்.”

அக்கா அடுத்த வரியைச் சொன்னார். ஒழுங்கு செய்தவர் கையைக் காட்டி நிறுத்தச் சொன்னார், நாங்கள் நிறுத்தவில்லை. ஆறு நிமிடமும் ஒருவரும் எழுந்து போகவில்லை.

எனக்குக் கோபம் ஆறவில்லை, ஆறவிடப்போவதுமில்லை. உங்கள் வசனம் முழுவதும் என்னிடம் இருக்கிறது. அக்கா எங்கே நின்று கேட்டாலும், எதிரே நின்று பதில் சொல்ல நான் போவேன்.